சாவியும் படியும்

சென்ற ஆனி மாதத்தில் ஒருநாட் பிற்பகல், மழை சற்றே விட்டிருந்த வேளையில், என் மாணாக்கன் ஒருவன் வீட்டு வாசலில் வந்து நின்றான். ஆனியிலும் ஆடியிலும் எங்கள் பொகவந்தலாவையில் மழை விடுவதென்பது மூச்சு வாங்குவதற்காக விடுவதேயாகும். கெஹெல்கமு ஓயா கரைதொட்டு ஓடும். மூடுபனி மலைச்சரிவில் இறங்கி லயங்களை ஒவ்வொன்றாக விழுங்கும். பையன் தலைமீது தாயாரின் படங்கைப் போர்த்திருந்தான். கையிலே மூன்று பொலித்தீன் பைகளுள் ஒன்றனுள் ஒன்றாகச் சுற்றிய ஒரு பொருள். பழைய ஏடு எதையோ கொண்டுவருகின்றான் என்று என் பண்டித மனம் ஒரு கணம் ஆசைப்பட்டது. ஏடன்று, விளையாட்டுப் பெட்டி.

யப்பானிய நிறுவனமாகிய நிண்டெண்டோ 2017ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் வெளியிட்ட 'சுவிட்ச்' என்னும் கருவி அது. பையனுடைய தமையன் கொழும்பில் ஒரு கடையிலே சிப்பந்தியாயிருந்த நாளில் எவரோ பாவித்ததை மலிவாக வாங்கி வந்தானாம். 'அனிமல் கிராசிங்' என்னும் விளையாட்டில் அண்ணனும் தம்பியுமாக ஒரு தீவைக் கட்டியிருக்கின்றார்கள். அத்தீவிலே வீடு உண்டு, பழமரங்கள் உண்டு, மீன் பிடிக்கும் துறையும் உண்டு. தமையன் கட்டாருக்குப் போய் மூன்றாண்டுகளாகின்றன. தீவைத் தம்பி காத்துவந்தான். சென்ற மழைக்குக் காம்பராவின் தகரக்கூரை ஒழுகி, பெட்டிக்குள் நீர் புகுந்துவிட்டது.

"ஐயா, ஹற்றன்ல ஒரு கடையில காட்டுனேன். பெட்டி சரிவராதாம். இதே வெளையாட்ட கொம்பியூட்டர்ல ஓட்டலாமாம். அதுக்குச் சாவி வேணுமாம். இன்டர்நெட்ல எடுத்துப் போட்டுத் தர்றேங்கிறாரு. அது களவா இல்லையான்னு ஐயாகிட்ட கேட்டுட்டு வரச்சொல்லி அம்மா அனுப்புனாங்க."

வேற்றுமைப் புணர்ச்சியில் ஐயம் என்று வந்திருந்தால் நின்ற நிலையிலேயே விடை சொல்லியிருப்பேன். இதற்கு இரண்டு நாள் தவணை கேட்டேன்.

எங்கள் பாடசாலையில் தகவல் தொழினுட்பம் கற்பிக்கும் இளம் ஆசிரியர் ஒருவர் எனக்கு ஆசானாக வாய்த்தார். அவர் சொன்னவற்றை என் மொழியிலே கூறுகின்றேன். பிழையிருப்பின் அஃது என்னுடையது.

கடைக்காரர் சொன்ன வித்தைக்கு 'எமுலேட்டர்' என்று பெயர். ஒரு கணினியின்மேல் மற்றோர் இயந்திரத்தின் வேடத்தைக் கட்டும் நிரல் அது. மாசி மாதத்தில் நம் தோட்டங்களில் காமன் கூத்து ஆடுகின்றார்களல்லவா? பகலெல்லாம் கவ்வாத்து வெட்டிய ஆள் இரவிலே சேலையுடுத்து ரதியாகின்றான். தப்பு முழங்கத் தொடங்கியதும் பார்த்திருப்போருக்கு அவன் ரதியேயன்றி வேறில்லை. அவ்வாறே கணினியும், 'யான் சுவிட்ச்' என்று விளையாட்டு நிரலை நம்பச் செய்கின்றது. கேட்ட கேள்விக்கெல்லாம் சுவிட்ச் எவ்வாறு விடை கூறுமோ அவ்வாறே கூறுகின்றது. இவ்வேடம் கட்டுதல் குற்றமன்று என்று அமெரிக்காவின் ஒன்பதாம் வட்டார மேன்முறையீட்டு நீதிமன்றம் 2000ஆம் ஆண்டிலேயே தீர்த்திருக்கின்றது. கொனெக்டிக்ஸ் என்னும் நிறுவனம் பிளேஸ்டேஷனைப் போல ஆடும் நிரலொன்றை ஆக்கியபோது, பிளேஸ்டேஷனுக்குரிய சோனி நிறுவனம் தொடுத்த வழக்கு அது. இயந்திரம் எதைக் கேட்டால் எதைச் செய்கின்றது என்று ஆராய்ந்தறிந்து, தானே புதிதாக எழுதிக்கொள்ளலாம். அதன்பொருட்டு இடையிலே படியெடுத்ததும் நியாயமான பாவனையே என்பது தீர்ப்பு.

ஆனால் வேடம் கட்டியவனுக்குப் பாட்டும் வேண்டுமே. பாட்டு பூட்டிய பெட்டிக்குள் இருக்கின்றது. இங்கேதான் சாவி வருகின்றது.

சாவி என்ற சொல்லைப் பற்றி ஒரு வார்த்தை. இது தமிழன்று, போர்த்துக்கேயர் விட்டுச்சென்றது. யாழ்ப்பாணத்தார் 'திறப்பு' என்பர். ஏட்டுத்தமிழில் 'திறவுகோல்' என்றிருக்கின்றது. மலையகத்தில் நாம் இஸ்தோப்பையும் காம்பராவையும் வைத்துக்கொண்டதுபோலச் சாவியையும் வைத்துக்கொண்டோம். பையன் சாவி என்றே கேட்டான். யானும் அவ்வாறே எழுதுகின்றேன்.

எழுத்தை மறைத்து எழுதுதல் நமக்குப் புதியதன்று. பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதை நன்னூல் படித்தவர் குழூஉக்குறிக்கு எடுத்துக்காட்டாகச் சொல்வர். சித்தர்கள் மருந்தின் பெயரைப் பரிபாஷையிலே ஒளித்தார்கள். எங்கள் பாடசாலைச் சிறுமிகள் எழுத்துக்கெழுத்து ஒரு 'க'வைச் செருகிப் பேசி, ஆசிரியர் முகத்துக்கு நேரேயே இரகசியம் பரிமாறுவார்கள். அம்மொழிக்கு அந்தக் 'க'வே சாவி, அதனை அறிந்த அன்றே யான் அவர்கள் இரகசியம் அனைத்தும் அறிந்தேன், வேண்டாதனவும் அறிந்தேன்.

இயந்திரத்தின் மறைப்போ அத்தகைய எளிமையுடையதன்று. பெல்ஜிய நாட்டறிஞர் இருவர் வகுத்து, 2001ஆம் ஆண்டில் அமெரிக்க அரசு தரமாக ஏற்றுக்கொண்ட முறையொன்றுண்டு. ஏ.ஈ.எஸ். என்று அதனைச் சுருக்கிச் சொல்வர். நிண்டெண்டோ கையாள்வதும் அதுவே. முறை உலகறிந்தது, அச்சிலும் வந்தது. மறைவாயிருப்பது சாவி ஒன்றே. எழுதிவைத்தால் 32 குறிகள். நாலடி வெண்பா ஒன்றுக்குக்கூடக் காணாது. ஆயினும் இருக்கக்கூடிய சாவிகளின் தொகையை எழுதப் புகுந்தால் 39 இலக்கங்கள் வேண்டும். ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்ப்பதற்கு யுகங்கள் போதா.

பூட்டை உடைக்க முடியாதபோது, சாவியை வைத்த இடத்தைத் தேடுவதே கள்வர்க்கும் அறிஞர்க்கும் வழக்கம். சோனியின் பிளேஸ்டேஷன் 3 கதை இதற்குச் சான்று. அந்நிறுவனம் தன் நிரல்களில் இடும் கையொப்பத்துக்கு ஒவ்வொரு முறையும் எவரும் ஊகிக்கவியலாத புதிய எண்ணொன்று வேண்டும். அவர்களோ ஒரே எண்ணையே திரும்பத் திரும்பப் பயன்படுத்திவிட்டார்கள். 2010ஆம் ஆண்டு திசம்பரில் பேர்லின் நகரத்து மாநாடொன்றில் 'ஃபெயில் ஓவர்ஃபுளோ' என்னும் குழுவினர் இதனை மேடையில் எடுத்துக்காட்டினர். இரண்டு கையொப்பங்களை அருகருகே வைத்துப் பாடசாலை அட்சரகணிதம்போற் சமன்பாடு தீர்த்தால் இரகசியச் சாவி தானே விழுந்துவிடுகின்றது. சோம்பலால் வந்த வினை என்பேன்.

சுவிட்சின் கதையில் சோம்பலைக் குறைகூற இயலாது. அதன் மையச் சில்லு என்விடியா நிறுவனத்தாருடையது. இயந்திரம் கண்விழிக்கும்போது முதலில் ஓடும் நிரல் அச்சில்லிலேயே பொறிக்கப்பட்டுள்ளது, பின்னர் மாற்றவொண்ணாதது. அதிலே ஒரு பிழை இருந்தது. 2018ஆம் ஆண்டு ஏப்பிரல் மாதத்தில் கேற் டெம்கின் என்னும் ஆய்வாளர் அதனை வெளியிட்டார். மேற்சொன்ன குழுவினரும் அதனையே தனியாகக் கண்டிருந்தனர். அதற்குமுன் விற்றுத்தீர்ந்த இயந்திரங்களைத் திருத்த வழியில்லை. கல்லில் வெட்டிய எழுத்துப் பிழைபோல அது நின்றுவிட்டது. பின்னர் வார்த்த சில்லுகளிலேயே திருத்தம் வந்தது. ஆதலால் பழைய சுவிட்ச் ஒன்றை வைத்திருப்பவர் தம் இயந்திரத்தின் சாவிகளைத் தாமே வெளியே எடுத்துக்கொள்ளலாம் என்றாயிற்று.

'சாவிகள்' என்று பன்மையிற் சொன்னேன். அந்தப் பன்மையில்தான் பையனுடைய வழக்கு அடங்கியிருந்தது. சாவிகளுட் சில சுவிட்ச் இனம் முழுமைக்கும் பொதுவானவை. உலகத்தில் எந்தச் சுவிட்சிலிருந்து எடுத்தாலும் ஒன்றாகவே இருக்கும். சில, விளையாட்டு ஒவ்வொன்றற்கும் உரியவை. வேறு சில, அந்தந்த இயந்திரத்துக்கு மட்டுமே உரியவை. அதன் சில்லினுள்ளே பொறித்த இரகசியத்தினின்று பிறப்பவை. விளையாடுபவர் சேர்த்துவைத்த நிலைகள், அதாவது அந்தத் தீவு, செருகி எடுக்கக்கூடிய அட்டையில் இருப்பதில்லை. பெட்டியின் அகநினைவில், அப்பெட்டிக்கே உரிய சாவியால் பூட்டப்பட்டுக் கிடக்கின்றன. ஹற்றன் கடைக்காரர் இணையத்தில் அள்ளிப் போடவிருந்தவை பொதுச் சாவிகள். அவற்றால் விளையாட்டு திறந்திருக்கும்; அண்ணன் கட்டிய தீவு திறந்திராது. வெறுமையான புதிய தீவொன்று வந்து நின்றிருக்கும்.

நிண்டெண்டோ நிறுவனத்தாரே சேமிப்பு வசதி வைத்திருக்கின்றார்களே என்று கேட்கலாம். வைத்திருக்கின்றார்கள், சந்தா கட்டுவோருக்கு. மற்றைய விளையாட்டுக்கள் பலவற்றுக்குள்ள வழக்கமான சேமிப்பு இவ்விளையாட்டுக்கு இல்லை. தீவைக் காப்பதற்கென்று தனியேற்பாடு ஒன்றை 2020ஆம் ஆண்டு யூலை முடிவில் தந்தார்கள். சந்தா என்ற ஒன்று உண்டென்பதே இப்பையனுக்குத் தெரியாது. தெரிந்தாலும், நாட்சம்பளத்தில் அரிசி வாங்கும் வீட்டிலே யார் கட்டுவார்?

ஆகவே, காப்புப்படி எடுப்பவர் இரண்டையும் எடுத்துவைத்தல் வேண்டும் என்றார் இளம் ஆசிரியர். அகநினைவு முழுவதையும் எழுத்துப் பிசகாமற் பெயர்த்தெடுத்த படி ஒன்று. அவ்வியந்திரத்தின் சாவிகள் மற்றொன்று. சாவியின்றிப் படிமட்டும் இருந்தால் அது பொருளற்ற இரைச்சல். படியின்றிச் சாவிமட்டும் இருந்தால், எரிந்துபோன வீட்டின் சாவியை மடியிற் கட்டிக்கொண்டிருப்பது போன்றது.

இவ்வுவமையை அவர் வேடிக்கையாகத்தான் சொன்னார். யான் சிரிக்கவில்லை. காரணத்தைச் சொல்லிவிடுகின்றேன்.

இப்பையனின் பாட்டனார் காமன் கூத்து வாத்தியார். அவரிடம் இரண்டு கொப்பிகள் இருந்தன. தென்னாட்டிலிருந்து அவருடைய பாட்டனார் வாய்மொழியாகக் கொண்டுவந்த பாடல்களும், ரதியின் ஒப்பாரியும், தூதன் வரவும், வீரபத்திரன் வசனமும் அவற்றில் எழுதப்பட்டிருந்தன. கொப்பிகளைத் தகரப்பெட்டியிற் பூட்டி, சாவியை அரைஞாணிற் கட்டியிருப்பார். 1996ஆம் ஆண்டு மாசியில், கூத்து நடந்த பதினாறு நாளில் ஓரிரவு, என்ன நினைத்தாரோ, ஒரு கொப்பியை என்னிடம் தந்து, "படிச்சிட்டு விடியத் தந்துடுங்க தம்பி, எழுதிக்கிறக்கூடாது. இது குருவோட சொத்து" என்றார். யான் அப்போது புதிதாய் நியமனம் பெற்ற ஆசிரியன். குப்பி விளக்கின் வெளிச்சத்தில் விடியவிடியப் படித்தேன். மேசைமீது வெற்றுத்தாளும் இருந்தது, பேனாவும் இருந்தது. வாக்குக் கொடுத்தவன் எழுதவில்லை. காலையிற் கொண்டுபோய்க் கொடுத்தேன். வாத்தியார் 2001இல் காலமானார். இரண்டாண்டு கழித்து அந்த லயத்தில் தீப்பிடித்தது. பன்னிரண்டு காம்பராவும் ஓரிரவில் எரிந்தன. உயிர்ச்சேதம் இல்லை என்று எல்லாரும் ஆறுதல் கொண்டார்கள். சாம்பலுக்குள் தகரப்பெட்டி கிடந்தது. பூட்டு அப்படியே பூட்டியிருந்தது. உள்ளே ஒரு பிடி கரி.

அன்று வாக்கை மீறியிருக்க வேண்டுமா என்று இன்றுவரை யான் தீர்க்கவில்லை.

இந்த மனநிலையோடுதான் நிண்டெண்டோ நிறுவனத்தாரின் வழக்கைப் படித்தேன். 'யூசு' என்னும் எமுலேட்டரை ஆக்கியோர்மீது 2024ஆம் ஆண்டு பெப்ரவரி 26ஆந் திகதி அமெரிக்காவின் றோட் ஐலண்டு நீதிமன்றத்திலே வழக்கிட்டார்கள். 2023ஆம் ஆண்டு மே மாதத்தில் வெளிவரவிருந்த புதிய செல்டா விளையாட்டு, கடைக்கு வருமுன்னரே பத்து இலட்சம் முறைக்குமேல் களவாக இறக்கப்பட்டது என்பது முறைப்பாட்டில் ஒன்று. எமுலேட்டர்காரரோ நிரலுக்குள் சாவி எதனையும் வைக்கவில்லை. அவரவர் தம் இயந்திரத்தினின்று கொணருக என்றே சொல்லியிருந்தார்கள். பூட்டைத் திறப்பதற்கென்றே அமைந்த கருவி, சாவியை யார் கொணர்ந்தாலும் சட்டவிரோதமே என்றது நிறுவனம். பூட்டைக் கடத்தலைத் தடுக்கும் அமெரிக்கச் சட்டம் 1998ஆம் ஆண்டில் வந்தது. வாதப் பிரதிவாதம் நடந்திருந்தால் நமக்கு ஒரு தெளிவு கிடைத்திருக்கும். ஒரு கிழமைக்குள், மார்ச்சு 4ஆந் திகதி, 24 இலட்சம் டொலர் தருவதாக எமுலேட்டர்காரர் உடன்பட்டுக் கடையைக் கட்டினர். அவ்வாண்டு ஒக்டோபரில் 'றியூஜின்க்ஸ்' என்ற மற்றொன்றும் நிறுத்தப்பட்டது. அதற்கு முந்திய ஆண்டு, 'டொல்பின்' என்னும் பழைய எமுலேட்டரைப் பெருங்கடையொன்றில் வைக்கும் முயற்சி தடைப்பட்டது. அதன் நிரலுக்குள் 'வீ' இயந்திரத்தின் பொதுச்சாவி எழுதப்பட்டிருந்தது பேசுபொருளாயிற்று.

உழைத்து ஆக்கியவன் தன் ஆக்கத்துக்குக் கூலி கேட்பதை யான் குறைசொல்லேன். கொழுந்துக்கு நிறை குறைத்துப் போட்டால் நமக்கு எப்படியிருக்கும்? வெளிவராத விளையாட்டைப் பத்து இலட்சம் பேர் அள்ளியது கொள்ளையே. ஆனால் மறுபக்கமும் ஒன்றுண்டு. 2010ஆம் ஆண்டுக்கு முன் அமெரிக்காவில் வெளியான விளையாட்டுக்களில் நூற்றுக்கு 87 இன்று கடையில் வாங்கக் கிடைப்பதில்லை என்று, விளையாட்டு வரலாற்றைப் பேணும் அங்குள்ள அறநிலையமொன்று 2023இல் கணக்கெடுத்துச் சொல்லிற்று. அவற்றை ஆராய்ச்சியாளர் தொலைவிலிருந்து பார்க்க நூலகங்களுக்கு இடமளிக்குமாறு கேட்டபோது, 2024ஆம் ஆண்டு ஒக்டோபரில் அந்நாட்டுப் பதிப்புரிமை அலுவலகம் மறுத்தது. குருவின் சொத்து, பெட்டிக்குள்ளே இருக்கட்டும் என்பதுதான் அதன் பொருள்.

படி இல்லாதது நிலைப்பதில்லை என்பதைத் தமிழர்க்கு எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளை 1887இல் கலித்தொகையைப் பதிப்பித்தபோதும், அதே ஆண்டில் உ. வே. சாமிநாதையர் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்தபோதும், யாரோ ஒருவர் கறையானுக்கு முந்திப் பெயர்த்தெழுதிய படியே அவர்கள் கைக்கு வந்தது. 1981ஆம் ஆண்டு மே 31 இரவு யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிந்தது. ஏறத்தாழ 97,000 நூல்களோடு, வேறெங்கும் படியில்லாத ஏடுகளும் அங்கே எரிந்தன. 2005இல் தொடங்கிய 'நூலகம்' என்னும் எண்ணிம முயற்சியில் ஈழத்து நூல்களைப் பூட்டின்றி எவரும் படிக்க வைத்திருக்கின்றார்கள். நம் ஊரிலேயே ஒரு சாட்சியும் உண்டு. புனித மரியாள் ஆலயத்து மயானத்தில், 1879இல் மறைந்த யூலியா மார்கரெட் கமரன் என்னும் ஆங்கிலப் படப்பிடிப்பாளர் துயில்கின்றார். கண்ணாடித் தகட்டில் மருந்து பூசிப் படமெடுத்தவர். உலகம் இன்று அவரைப் போற்றுவது அத்தகட்டிலிருந்து தாளில் இறக்கிய படிகளைக் கொண்டேயாம்.

மூன்றாம் நாள் பையனுக்கு விடை சொன்னேன். "தம்பி, இலங்கையின் புலமைச்சொத்துச் சட்டம், 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கம், கணினி நிரலொன்றை முறையாக உடையவர் காப்புக்காக ஒரு படி எடுத்துக்கொள்ள இடமளிக்கின்றது. உன் அண்ணன் விலைகொடுத்து வாங்கிய அட்டை உன்னிடம் இருக்கின்றது. உன் பெட்டியின் சாவியை நீயே எடுப்பதைக் களவென்று என்னாற் சொல்ல முடியாது. ஊரான் வீட்டுச் சாவி வேண்டாம்; அது உன் வீட்டைத் திறக்கவும் மாட்டாது." பூட்டைப்பற்றிச் சட்டவறிஞர்களிடையே வேறு கருத்தும் உண்டு என்பதையும் மறைக்காமற் சொன்னேன்.

இனிப் பெட்டி உயிர்த்தெழ வேண்டும். மையச் சில்லு போயிருந்தால் சாவியும் அதனோடே போயிருக்கும்; பிரமனாலும் மீட்க இயலாது. இளம் ஆசிரியர் பழுதுபார்க்கும் நண்பர் ஒருவரிடம் கொடுத்து, நீர்பட்ட பலகையைக் கழுவி உலர்த்தி, மின்னேற்றும் சிறு சில்லொன்றை மாற்றுவித்தார். திரை பாதிதான் தெரிந்தது. அதுவே போதுமாயிருந்தது. 2017இல் வார்த்த பழைய பெட்டி என்பதைத் தொடரிலக்கம் காட்டியது. ஒரு சனிக்கிழமை முழுதும் இருந்து அகநினைவைப் படியெடுத்தார்கள், சாவிகளையும் எடுத்தார்கள். படியை இரண்டாக்கி ஒன்றை என் அலுமாரியில், தொல்காப்பியத்தின் பக்கத்தில் வைத்திருக்கின்றேன். மாலையில் ஆசிரியரின் கணினியிலே தீவு திறந்தது. மூன்றாண்டுக்குமுன் அண்ணன் நட்ட மரங்கள் பழுத்து நின்றன. பையன் அதனைக் கைத்தொலைபேசியிற் படம்பிடித்துக் கட்டாருக்கு அனுப்பினான். சிறிது நேரம் எவரும் பேசவில்லை.

அடுத்த கிழமை அவனே வந்து, "ஐயா, அப்பாயி கூப்பிடுறாங்க" என்றான். வாத்தியாரின் மனைவி இன்னும் இருக்கின்றார். எண்பது வயது கடந்துவிட்டது. புதிய லயத்து இஸ்தோப்பில் சாக்கு விரித்து அமர்ந்திருந்தார். கொப்பியைப் பற்றிப் பேரனிடம் யான் சொன்னது அவர் காதுக்கு எட்டியிருக்கின்றது.

"அவரு எழுதக்கூடாதுன்னுதானே சொன்னாரு, ஐயா? நான் எழுதவுமில்ல, படிக்கவுமில்ல. எனக்கு எழுத்தே தெரியாது. ஒவ்வொரு மாசியும் அவரு பிள்ளைகளுக்குச் சொல்லிக்குடுக்கிறப்ப உள்ள அடுப்படியில இருந்து கேட்டுக்கிட்டே ரொட்டி சுடுவேன். அதுல நெஞ்சில நின்னது கொஞ்சம் இருக்கு. நான் பாடுறதுக்கு அவருகிட்ட உத்தரவு வேணுமா?"

என்னிடம் விடையில்லை. பையன்தான் கைத்தொலைபேசியை எடுத்துப் பாட்டியாரின் அருகே வைத்தான். ரதி புலம்பும் பகுதியில் ஏழு பாடல்கள் வந்தன. எட்டாவது இடையிலே அறுந்துவிட்டது. மற்றதை ஞாபகப்படுத்திச் சொல்வதாகக் கூறியிருக்கின்றார். வருகின்ற ஞாயிறு கொப்பியோடு போகவேண்டும்.